கோழியின் பூர்வீகமும் பத்தாம் வகுப்புப் பாடமும்

கம்பைநல்லூர் சந்தையில் கோழி வாங்காத தோழர்கள் குறைவு. கறி தின்னும்போது, மாருக்கு மேலே கவட்டைக் குச்சிபோல் ஓர் எலும்பு கையில் அகப்படும். சப்பிவிட்டு எறிந்துவிடுகிறோம். அதே கவட்டை எலும்பு, கோடிக்கணக்கான ஆண்டுகளுக்கு முன் வாழ்ந்த டைனோசார்களில் ஊன் தின்னும் இனத்துக்கும் இருந்தது. பல்லிக்கும் ஓணானுக்கும் கிடையாது. மூன்று விரலை முன்னே ஊன்றி இரண்டு காலால் நடக்கும் நடையும், காற்று புகுந்த எலும்பும்கூட அந்த வம்சத்துச் சொத்துதான். அந்த டைனோசார்களின் ஒரு கிளையே பறவையாயிற்று என்பதை இன்று விஞ்ஞானிகளில் மிகப் பெரும்பாலோர் ஏற்கிறார்கள்.

"கூலியைப் பற்றிப் பேச வேண்டிய இடத்தில் கோழிப் புராணம் எதற்கு?" என்று கேட்பீர்கள். இந்த உண்மையை மண்ணிலிருந்து தோண்டி எடுத்தவர்கள் யார் என்று பாருங்கள்.

டார்வின் தம் நூலை வெளியிட்டது 1859ல். இரண்டே ஆண்டில், 1861ல், ஜெர்மனியின் பவேரியாவிலுள்ள சோல்ன்ஹோஃபன் சுண்ணாம்புக்கல் குழிகளிலிருந்து ஒரு பிராணியின் உருவம் வெளிவந்தது. காக்கை அளவு, இறகு உண்டு, ஆனால் வாயில் பல், இறக்கையில் நகம், பின்னே எலும்போடிய நீண்ட வால்! சுமார் 15 கோடி ஆண்டுப் பழமை. ஆர்க்கியாப்டெரிக்ஸ் என்று அதற்குப் பெயர். அந்த வட்டாரத்து வைத்தியர் ஒருவர், சிகிச்சைக்குக் கூலியாக இத்தகைய கற்களை வாங்கிச் சேர்த்துவந்தவர். அந்தச் சேகரம் லண்டன் மியூசியத்துக்கு 700 பவுனுக்கு விலைபோயிற்று. இதைவிட முழுமையான இன்னொரு கல் அதே வட்டாரத்தில் ஒரு விவசாயிக்குக் கிடைத்தது. 1876ல் அவர் அதை விற்றார், ஒரு பசுமாடு வாங்குவதற்காக! கை மாறி மாறி, கடைசியில் பெர்லின் மியூசியம் அதற்குக் கொடுத்த விலை 20,000 மார்க். எடுத்தவனுக்கு மாடு, இடையில் நின்றவனுக்கு மூட்டைப் பணம். மஞ்சளும் பருத்தியும் விற்கிற நமக்கு இந்தக் கணக்கு புதிதல்ல.

1996ல் சீனாவின் லியாவ்நிங் மாகாணத்திலும் ஒரு விவசாயிதான் அடுத்த பெரிய சாட்சியைக் கண்டெடுத்தார். அது பறக்க முடியாத சிறு டைனோசார். உடம்பிலோ கோழிக்குஞ்சுக்குப்போல் தூவி. பறக்காத பிராணிக்குத் தூவி எதற்கு? குளிர் தாங்குவதற்காக இருக்கலாம் என்கிறார்கள். நெல்லுக்கு என்று தைத்த சாக்கு மழை நாளில் நமக்குக் கொங்காணி ஆவதில்லையா? ஒரு காரியத்துக்கு வந்தது இன்னொரு காரியத்துக்கு உதவுகிறது. இறகும் அப்படித்தான் பிற்பாடு பறக்க உதவியது.

இன்னொரு வேடிக்கையும் உண்டு. 1923ல் மங்கோலியாவில் முட்டைகளின் அருகே ஒரு டைனோசாரின் எலும்பு கிடைத்தது. பிறர் முட்டையைத் தின்ன வந்தது என்று முடிவுகட்டி, முட்டை பறிப்பது என்ற அர்த்தத்தில் பெயரும் வைத்துவிட்டார்கள். 1993ல் அதே மாதிரி முட்டை ஒன்றுக்குள் அதே குடும்பத்தின் குஞ்சு இருக்கக் கண்டார்கள். கோழிபோல் முட்டைமேல் உட்கார்ந்தபடியே மாண்டவையும் கிடைத்தன. தன் முட்டையைக் காத்த பிராணிக்கு எழுபது ஆண்டுகள் திருட்டுப் பட்டம்! களத்தில் நெல் குறைந்தால் முதலில் யார் மடியைச் சோதிக்கிறார்கள் என்று தெரிந்தவர்களுக்கு இதை விளக்க வேண்டியதில்லை.

நம் தர்மபுரிப் பாறைகளில் இப்படி எலும்பு தேடிப் பயனில்லை. அவை பெரும்பாலும் 250 கோடி ஆண்டுகளுக்கு முன்பே இறுகியவை. எலும்புள்ள உயிர் அன்று உலகத்திலேயே இல்லை. ஆனால் அரியலூர்ப் பக்கம் அப்படியல்ல. அங்கே கல்லமேடு மண்படுகையில் அகப்பட்ட ஒரு சிறு பல், பறவைகளுக்கு மிக நெருங்கிய பங்காளியான ட்ரூடான் வகை டைனோசாருடையது என்று 2013ல் ஆராய்ச்சியாளர்கள் வெளியிட்டார்கள். அதே கல்லமேட்டில் முன்னர் எடுத்த ஒரு பிரும்மாண்ட டைனோசாரின் எலும்புகளோ பிற்பாடு நொறுங்கி அழிந்தே போயின. சிமெண்டுக்குச் சுண்ணாம்புக்கல் வெட்டுவதில் காட்டுகிற அக்கறையில் நூற்றில் ஒரு பங்கு அந்த எலும்புகள்மீது இருந்திருந்தால்!

இப்போது பாடப் புத்தகத்துக்கு வருவோம். 2018ல் மத்திய கல்வி இலாகாவின் ராஜாங்க மந்திரி சத்யபால் சிங், டார்வின் சொன்னது தவறு, குரங்கு மனிதனானதைப் பார்த்ததாக நம் முன்னோர் யாரும் சொல்லவில்லை என்று பேசினார். பார்த்தவர் இல்லைதான். கல்லமேட்டுப் பல்லைத் துலக்கிவிட்டவர்கூட யாரும் இல்லை. ஆனாலும் பல் இருக்கிறதே! 2023ல் என்.சி.இ.ஆர்.டி.யின் பத்தாம் வகுப்பு விஞ்ஞானப் புத்தகத்திலிருந்து பரிணாமப் பாடம் எடுக்கப்பட்டது. பாரத்தைக் குறைக்கவாம். 1,800க்கு மேற்பட்ட விஞ்ஞானிகளும் ஆசிரியர்களும் கையெழுத்திட்டு ஆட்சேபித்தார்கள். பன்னிரண்டாம் வகுப்பு உயிரியலில் இருக்கிறதே என்பது அதிகாரிகளின் சமாதானம்.

பன்னிரண்டில் உயிரியல் எடுக்கிற பிள்ளை எத்தனை? பத்தோடு நிறுத்தி மில்லுக்கும் கரும்பு வெட்டுக்கும் போகிற பிள்ளைகள் எத்தனை? அந்தப் பாடம் கண்ணில் படாமலே போவது யாருக்கு? மேலே படிக்கிறவனுக்கு அல்ல. நம் வீட்டுப் பிள்ளைக்குத்தான். குழியில் இறங்கிக் கல்லை எடுத்தவன் பிள்ளைக்குக் கல்லில் இருப்பதைப் படிக்க உரிமை இல்லையா?

வெட்டிய பாடத்தைத் திரும்ப வைக்கவேண்டும் என்று கோருகிறோம். தமிழ்நாட்டுப் பாடநூலின் பத்தாம் வகுப்பு விஞ்ஞானத்தில் பரிணாமப் பாடமும் ஆர்க்கியாப்டெரிக்ஸும் இடம்பெற்றிருக்கின்றன. அங்கேயும் கத்தரிக்கோல் போகாமல் பார்த்துக்கொள்ள வேண்டும். இன்று அந்தியில் கோழியைப் பஞ்சாரத்தில் கவிழ்த்துவிட்டு வந்து, அந்தப் பாடத்தை உரக்க வாசிக்கும்படி பிள்ளையிடம் சொல்லுங்கள்.