எந்தத் தகுதியால் இந்த நாற்காலி?



விதைநெல்லைக் கையில் அள்ளிப் பாராமல் நாற்றங்காலில் தெளிக்கும் உழவரைத் தஞ்சைத் தரணியில் காண்பது அரிது. பிள்ளைகளின் பட்டச் சான்றிதழை மட்டும் நாம் அவ்வாறு ஆராய்வதில்லை. கண்ணாடிச் சட்டமிட்டுச் சுவரில் மாட்டிவிடுகிறோம். அந்தத் தாள் எந்தப் பணிக்குச் செல்லும், எதற்குச் செல்லாது என்பது பல வீடுகளில் தெரியவருவது, நியமனத்தை எதிர்த்து யாரேனும் வழக்குத் தொடுத்த பின்னரே.

இத்தகைய வழக்குகளுக்கென்றே ஒரு நீதிப்பேராணை உண்டு. இலத்தீன் மொழியில் 'கோ வாரண்டோ' என்பர். 'எந்த அதிகாரத்தைக் கொண்டு இப்பதவியில் அமர்ந்திருக்கிறீர்?' என்பது அதன் கருத்து. வினவுபவர் அப்பதவிக்குப் போட்டியிட்டவராக இருத்தல் வேண்டும் என்பதில்லை. பொதுப்பதவி ஒன்றில் விதிக்கப்பட்ட தகுதி இல்லாதவர் அமர்ந்திருப்பதாகக் கருதும் எந்தக் குடிமகனும் வினவலாம்.

மதுரை காமராசர் பல்கலைக்கழக வழக்கை நீங்கள் மறந்திருக்கமாட்டீர்கள். சென்னை எத்திராஜ் மகளிர் கல்லூரியில் ஆங்கில இணைப்பேராசிரியையாகப் பணியாற்றிய கல்யாணி மதிவாணன் 2012ஆம் ஆண்டு அங்கே துணைவேந்தரானார். பல்கலைக்கழக மானியக் குழுவின் 2010ஆம் ஆண்டு விதிகளோ, துணைவேந்தராக வருபவர் பல்கலைக்கழகப் பேராசிரியராகவோ அதற்கு இணையான பதவியிலோ பத்தாண்டுகள் இருந்திருக்க வேண்டும் என்றன. அத்தகுதி இல்லையெனக் கூறி 2014 ஜூனில் உயர்நீதிமன்றம் நியமனத்தை ரத்து செய்தது. 2015 மார்ச்சில் உச்சநீதிமன்றம் அத்தீர்ப்பை மாற்றியது. மாநில அரசு ஏற்றுக்கொள்ளாத வரையில், மாநிலச் சட்டப்படி இயங்கும் பல்கலைக்கழகத்தை அவ்விதி கட்டாயப்படுத்தாது என்பதே காரணம்.

விவாதம் அத்துடன் முடிந்ததா? இல்லை. குஜராத்தின் சர்தார் படேல் பல்கலைக்கழக வழக்கில் 2022 மார்ச்சில் அதே உச்சநீதிமன்றம் மானியக் குழு விதிகளே மேலோங்கும் எனத் தீர்ப்பளித்துத் துணைவேந்தரின் நியமனத்தை ரத்து செய்தது. அவ்வாண்டு அக்டோபரில் கேரளத் தொழில்நுட்பப் பல்கலைக்கழகத் துணைவேந்தரும் பதவியிழந்தார். ஏழாண்டுகளில் காற்று திசைமாறிவிட்டது. சட்டம் பயின்றவர்களுக்கே தலைசுற்றும்போது, விண்ணப்பம் நிரப்பும் நம் பிள்ளைகள் என் செய்வர்?

நம் மண்ணுக்கும் இச்செய்தி அந்நியமன்று. 1981இல் தஞ்சையில் தோன்றிய தமிழ்ப் பல்கலைக்கழகத்தில் 2017ஆம் ஆண்டையொட்டி நடந்த ஆசிரியர் நியமனங்களும் தகுதி குறித்த சர்ச்சையில் சிக்கி நீதிமன்றம் வரை சென்றன. ஆண்டுகள் பல கடந்தும் அவ்விவகாரம் ஓயவில்லை.

துணைவேந்தர் பதவி நமக்கு எட்டாத உயரம் என்று பக்கத்தைப் புரட்டிவிடாதீர்கள். நம் இல்லங்களைத் தொடுகின்ற தீர்ப்பு வேறொன்று உள்ளது. சென்னையிலுள்ள அரசுத் திரைப்படக் கல்லூரியின் முதல்வர் பதவி தொடர்பாக எழுந்த வழக்கு அது. பதவியில் இருந்தவர் மூன்றாண்டு இளங்கலை பயிலாமல், திறந்தவெளி முறையில் நேரடியாக முதுகலை பெற்றிருந்தார். அடிப்படைப் பட்டம் இல்லாத அந்த முதுகலை செல்லாது என்று 2009 பிப்ரவரியில் உச்சநீதிமன்றம் கூறிற்று.

பத்தாம் வகுப்போடு நிறுத்தப்பட்டு, மணமான பின் அடுப்படியிலும் தொட்டிலருகிலும் அமர்ந்து படித்து, நேரடியாக எம்.ஏ. முடித்த பெண்கள் நம் ஊர்களில் உள்ளனர். அவர்களுடைய அறிவு குறைந்ததென்று நான் சொல்லமாட்டேன். மூன்றாண்டு கல்லூரிக்குச் சென்று வந்தோர் சிலரைவிட அவர்கள் நன்றாகவே எழுதுவர். ஆயினும் அரசுப் பணியின் வாயிலில் அத்தாள் நிற்பதில்லை. கட்டணம் பெற்றுப் பட்டம் வழங்கியவர்கள் எதையும் இழக்கவில்லை; இழந்தவர் படித்தவரே. இது எனக்கு நியாயமாகப் படவில்லை.

எம்.ஃபில். முடித்தோரின் நிலையும் இதற்கு அண்மையதே. ஒரு காலத்தில் அப்பட்டம் 'நெட்' தேர்விலிருந்து விலக்களித்தது. 2009இல் அந்த விலக்கு நீக்கப்பட்டது. முன்பே படித்து முடித்தோம், எங்களுக்கு ஏன் புதிய விதி என்று பலர் வழக்காடினர். 2015 மார்ச்சில் உச்சநீதிமன்றம் அவர்களுடைய வாதத்தை ஏற்கவில்லை. பழைய பிஎச்.டி. பட்டத்தினருக்கு 2016இல் சில நிபந்தனைகளுடன் வழி பிறந்தது, எம்.ஃபில். தாரர்களுக்கு அதுவும் இல்லை.

மதரஸாவில் ஓதிப் பட்டம் பெற்றோருக்கும் ஒரு சொல். மதரஸா வழங்கும் ஸனது வேறு, பல்கலைக்கழகம் நடத்திய அஃப்ஸலுல் உலமா தேர்வு வேறு. இரண்டையும் ஒன்றாக எண்ணி விண்ணப்பத்தில் எழுதாதீர்கள். எந்தப் பட்டத்திற்கு எது இணை என்பதை வாய்மொழியாகக் கேட்டுத் திருப்தியடையாமல், உரிய அலுவலகத்திலிருந்து இணைத்தகுதிச் சான்றாக எழுத்தில் பெறுங்கள்.

நீதிமன்றங்கள் எல்லா நியமனத்தையும் கலைத்துவிடும் என்று அஞ்சவும் வேண்டா. மைசூர்ப் பல்கலைக்கழகத்தின் ஆங்கில ரீடர் நியமனம் பற்றிய வழக்கில் 1963ஆம் ஆண்டிலேயே உச்சநீதிமன்றம், வல்லுநர் குழுவின் கருத்தில் நீதிமன்றம் எளிதில் தலையிடலாகாது என்று கூறியது. விதியை மீறியது தெளிவாகத் தெரிய வேண்டும்.

இறுதியாக நாட்களைக் கவனியுங்கள். விளம்பரம் வேறு நாளைக் குறிப்பிடாவிடில், விண்ணப்பத்திற்கான கடைசி நாளன்று இருக்கும் தகுதியே தகுதி என்று 1997இல் உச்சநீதிமன்றம் வரையறுத்துவிட்டது. நேர்முகத் தேர்வுக்குள் முடிவு வந்துவிடும் என்ற நம்பிக்கையில் அனுப்பப்படும் விண்ணப்பம் பின்னாளில் வழக்குக்கு இடமளிக்கும். அன்றைய விளம்பரத்தின் நறுக்கையும், அனுப்பிய விண்ணப்பத்தின் நகலையும், அஞ்சலகம் தந்த ரசீதையும் நிலப்பத்திரம் இருக்கும் அதே பெட்டியில் வைத்திருங்கள்.