காட்சிக்கும் ஊரும் தேதியும் வேண்டும்

முதல் உலக மகாயுத்தத்தைப் பற்றிய தொலைக்காட்சிச் சித்திரங்கள் பலவற்றில், பதுங்குகுழியிலிருந்து சிப்பாய்கள் மேலேறி ஓட, அவர்களில் ஒருவன் கரையிலேயே சரிந்து வீழ்கின்ற சில விநாடிக் காட்சியொன்று பல்லாண்டுகளாக இடம்பெற்று வருகிறது. ஜெஃப்ரி மாலின்ஸ், ஜான் மெக்டவல் என்னும் இருவர் 1916இல் பிரான்ஸ் தேசத்தில் எடுத்த 'சோம் யுத்தம்' என்ற படத்தின் பகுதி அது. அந்தப் படத்தில் பெரும்பகுதி மெய்யாகவே போர்முனையில் எடுக்கப்பட்டதுதான். ஆயினும் இந்தக் காட்சி, போர்முனைக்கு வெகுதூரம் பின்னால் இருந்த பயிற்சிக் களத்தில் நடித்துக் காட்டப்பட்டது என்பது ஆராய்ச்சியாளர்கள் கண்ட முடிவு. சோம் யுத்தத்தின் மெய்யான தாக்குதலில் சிப்பாய்கள் ஏறக்குறைய 30 கிலோ சுமையோடு நடந்தார்கள். இவர்கள் முதுகிலோ மூட்டையே இல்லை. காமிராக்காரரோ குண்டுகள் பறந்துவர வேண்டிய இடத்தில் கல்யாணப் படம் பிடிப்பவரைப் போல நிதானமாக நிற்கிறார்!

அந்த யுத்தத்தில் 1916 ஜூலை 1ஆம் தேதி ஒரே நாளில் பிரிட்டிஷ் சேனையில் மாண்டவர்கள் 19,240 பேர். அவர்களுடைய மரணத்தை அருகிருந்து பதிவு செய்யக் காமிரா இல்லாதிருக்க, எழுந்து மண்ணைத் தட்டிக்கொண்டு போன ஒருவனுடைய மரணமே அத்தனை பேருக்கும் பிரதிநிதியாக நின்றுவிட்டது. ரஷ்யப் புரட்சிக்கும் ஏறத்தாழ இதே கதிதான்: 1917இல் குளிர்கால அரண்மனை தாக்கப்பட்டதைக் காட்ட, அதன் பத்தாவது ஆண்டு நிறைவுக்காக ஐசன்ஸ்டைன் தயாரித்த 'அக்டோபர்' என்ற கதைப்படத்தின் காட்சிகளைச் சரித்திர சாட்சியமென்றே எடுத்தாண்டவர்கள் உண்டு.

பழைய படச்சுருளைப் பயன்படுத்தலாகாது என்பதன்று என் வாதம். உலகமெங்கும் அலைந்து, பல தேசத்தாரிடம் சிதறிக்கிடந்த காந்தியடிகளின் சலனப்படங்களைத் திரட்டி 1940இல் ஒரு டாக்குமெண்டரியாக்கிய நம் ஏ. கே. செட்டியாரின் பிரயாசையை நினைத்தால், அவ்வாறு சொல்ல மனம் துணியுமா? ஆனால் பிறர் எடுத்த காட்சியை எடுத்தாள்பவருக்கு அது எங்கே, எப்போது, யாரால், எந்த நோக்கத்துக்காக எடுக்கப்பட்டது என்று விசாரித்தறியும் கடமையும், அறிந்ததைத் திரையிலேயே எழுதிக்காட்டும் கடமையும் உண்டு என்பதே என் அபிப்பிராயம்; நடித்தது என்றால் நடித்தது என்றே எழுதட்டும். நம்முடைய செய்தி அலைவரிசைகள் மூலையில் 'கோப்புக் காட்சி' என்று பொறித்துவிட்டு அத்துடன் கடமை தீர்ந்ததாகக் கருதுகின்றன. எந்த ஆண்டின் வெள்ளம், எந்த ஊரின் கலவரம் என்பதைப் பார்ப்பவர் ஊகித்துக்கொள்ள வேண்டியதுதான்.

எழுத்து குறுக்கிட்டால் ரசனை கெடும் என்று டைரக்டர்கள் சொல்வதுண்டு. நிலையத்தின் முத்திரை ஒரு மூலையிலும், தங்கத்தின் விலை மற்றொரு மூலையிலும், ஓயாது ஓடும் தலைப்புச் செய்தி அடியிலுமாக இருக்கின்ற திரையில், ஓர் ஊர்ப்பெயருக்கும் நான்கு இலக்கங்களுக்கும் மாத்திரம் இடமில்லையென்பதை நான் நம்பத் தயாராயில்லை.