கீபோர்டுக்கு நடுவில் நிற்பது யார்?

கம்பஸ் ரூமில் ஒரு லப்டொப் இருந்தால் அது நாலு பேரின் லப்டொப். பகலில் அசைன்மென்ட், இரவில் கேம். போன் கேமைக் கீபோர்டில் விளையாடக் கீமேப்பர் வேணும். வாங்க டொலரும் இல்லை, கார்டும் இல்லை. "கிராக் இருக்கு மச்சான்" என்று ஒரு லிங்க் வரும். நாங்களும் போட்டிருக்கிறோம். ஆகவே இது உபதேசம் இல்லை.

படத்தைக் களவாகப் பார்ப்பதும் இதுவும் ஒன்றல்ல. தமிழ் டைப் பண்ணுகிற எங்களுக்கு இது விளங்கும். பாமினி முறையில் 'எஃப்' தட்டினால் 'க' வருகிறது. நடுவில் ஒன்று நின்று எழுத்தை மாற்றிக் கொடுக்கிறது. கீமேப்பரின் வேலையும் அதேதான். மாற்றுவதற்கு முதல் அது ஒவ்வொரு தட்டலையும் வாசிக்க வேண்டும். பாஸ்வேர்ட் களவெடுக்கும் கீலொகரும் அங்கேதான் நிற்கும்.

கிராக்கோடு வரும் அறிவுரையைப் பாருங்கள்: அன்டிவைரஸை நிறுத்து, அட்மினாக ரன் பண்ணு. காவல்காரனை அனுப்பிவிட்டு வீட்டுத் திறப்பையும் கொடுக்கிறோம். பிரவுசரில் சேமித்த பாஸ்வேர்டுகளும், லொகின் ஆகியிருப்பதற்கான குக்கீகளும் போகலாம். குக்கீ போனால் போனுக்கு வரும் ஓடிபி கூடக் காப்பாற்றாது. கேம் மட்டும் வழமைபோல ஓடும்.

"எங்களிட்ட எடுக்க என்ன கிடக்கு?" என்று கேட்போம். மகாபொல விழும் வங்கிக் கணக்கு, எல்எம்எஸ், மூன்று வருட நோட்ஸ், பேஸ்புக்கில் எங்கள் பெயரில் அம்மாவிடம் காசு கேட்கக்கூடிய இன்பொக்ஸ். கிராக் போட்டது ஒருவர், போவது நாலு பேருடையது. ரூம்மேட்டிடம் நாங்கள் கேட்கவே இல்லையே. எங்களுக்கு உறுத்துவது இதுதான்.

காசில்லாதது உண்மை. ஆனால் ஓட்டோஹொட்கீ இலவசம், மைக்ரோசொப்டின் பவர்டொய்ஸும் இலவசம். பட்டன் மாற்ற அதுவே பெரும்பாலும் போதும். கேமின் விதியையும் பார்க்க வேணும்: 2024 ஓகஸ்டில் கவுண்டர் ஸ்ட்ரைக் 2இல், ஒரே தட்டலில் பல அசைவு செய்யும் வசதிகளை வால்வ் தடுத்தது.

ஏற்கெனவே போட்டாச்சா? வேறொரு கருவியிலிருந்து பாஸ்வேர்டுகளை மாற்றுங்கள், எல்லா இடத்திலும் லொகவுட் செய்யுங்கள், விண்டோஸைப் புதிதாகப் போடுங்கள். அதற்கு முதல் ரூமில் மற்ற மூன்று பேருக்கும் சொல்லுங்கள். வெட்கம் ஒருநாளில் போய்விடும்.