விண்டர்கிரீன் செடிக்குக் கண்ணாடி வீடு வேண்டுமா?

உதகைக்குச் சென்று திரும்புவோர் யூக்கலிப்டஸ் தைலத்துடன் ஒரு சிறு புட்டி விண்டர்கிரீன் தைலமும் வாங்கி வருவது வழக்கம். சுளுக்குக்கும் மூட்டு வலிக்கும் தடவப்படும் இத்தைலத்தின் செடியை வீட்டுக்குள்ளேயே தொட்டிகளில் வளர்த்துப் பொருள் ஈட்டலாம் என்ற பேச்சு மலைப்பகுதி அங்கத்தினர் சிலரிடையே எழுந்துள்ளது. நான் ஆய்வுக்குச் சென்ற சங்கம் ஒன்றில், கண்ணாடிக் கூரையிட்டு உள்ளே வெப்பமூட்டும் அறை ஒன்று கட்டுவதற்கு அங்கத்தினர் ஒருவர் கடன் கோரியிருக்கக் கண்டேன். ஈடாகக் காட்டப்பட்டிருப்பது அக்குடும்பத்துக்குள்ள ஒரே தேயிலை நிலம். இத்தகைய கடனை எந்தச் சங்கமும் வழங்கலாகாது என்பது என் கருத்து.

விண்டர்கிரீன் என்னும் பெயரால் வழங்குவன முக்கியமாக இரண்டு. ஒன்று, வட அமெரிக்காவின் கீழ்ப்புறக் காடுகளில் தரையோடு படர்ந்து, ஒரு சாணுக்கும் குறைவாகவே வளர்ந்து, சிவந்த கனி தருவது. மற்றொன்று, நம் நீலகிரி, பழனி மலைகளிலும் இமயமலைச் சரிவுகளிலும் புதராக வளர்வது. பதினெட்டாம் நூற்றாண்டில் கியூபெக் நகரில் வாழ்ந்த கோத்தியே என்னும் வைத்தியரின் பெயரைக்கொண்டு இவ்வினத்துக்குக் கால்தீரியா என்று பெயரிட்டனர். கடுங்குளிரிலும் இலை உதிராது பசுமையாய் நிற்பதனாலன்றோ அமெரிக்கச் செடிக்கு அப்பெயர் வாய்த்தது! கனடா நாட்டுப் பனிக்கு அடியில் மாதக்கணக்கில் கிடந்து பிழைக்கும் செடிக்கு நாம் கணப்பு மூட்ட வேண்டியதில்லை.

மூட்டினால் தீங்கே விளையும். கணப்பு உள்ள அறையின் காற்று வறண்டது. அதில் இலைகள் ஓரம் கருகி உதிரும். குளிர்காலத்தில் செடிக்கு வேண்டிய ஓய்வும் கிட்டாது. ஆயினும் கடுங்குளிர் நாடுகளில் தொட்டிச் செடியை உள்ளே எடுத்து வைப்பதற்கு ஒரு நியாயம் உண்டு. நிலத்தில் உள்ள வேரைச் சுற்றியுள்ள மண் காக்கிறது. தொட்டியிலோ நாற்புறமும் குளிர் தாக்கி வேர் உறைந்துவிடும். அங்கும் அதனை வைக்கத்தக்க இடம் கணப்பில்லாத, வெளிச்சமுள்ள தாழ்வாரமே. நம் மலைகளில் மார்கழி, தை மாதங்களின் உறைபனிக்கு இளநாற்றுகளைக் காக்கத் தேயிலை நாற்றுக்கு இடுவது போன்ற பந்தல் போதும்.

மண்ணைப்பற்றித் தேயிலை விவசாயிக்கு நான் சொல்லித் தரவேண்டியதில்லை. தேயிலைக்கு ஏற்ற அமில மண்ணே இதற்கும் ஏற்றது. இலை மக்கு சேர்த்து, ஈரம் காயாமலும் நீர் தேங்காமலும் காத்தல் வேண்டும். சுண்ணாம்பு மிகுந்த தண்ணீரைத் தொடர்ந்து ஊற்றினால் இலை மஞ்சளிக்கும். மழைநீரைச் சேமித்து ஊற்றுவது நலம்.

இனி வரவு செலவைப் பார்ப்போம். நூறு கிலோ இலையைக் காய்ச்சி வடித்தால் கிடைக்கும் தைலம் ஏறத்தாழ ஒரு கிலோ. பெரும்பாலும் அதற்கும் குறைவு. ஒரு தொட்டிக்கு ஆண்டில் ஐம்பது கிராம் இலை என்று தாராளமாகவே வைத்துக்கொள்வோம். நூறு தொட்டிக்கு 5 கிலோ இலை. தைலம் 50 கிராம்! நூல் விலை பாராமல் பாவு ஓட்டும் நெசவாளர் உண்டோ? அதிலும் இத்தைலம் இலையில் ஆயத்தமாக இருப்பதன்று. இலையை நசுக்கி வெதுவெதுப்பான நீரில் ஊறவைத்த பின்னரே அது உண்டாகிறது. யூக்கலிப்டஸ் தைலம் நீரில் மிதக்கும். இதுவோ நீரினும் கனமானதாகையால் அடியில் தங்கும். அந்த வடிகலத்தை அப்படியே இதற்குப் பயன்படுத்த எண்ணுவோர் இதனைக் கருத வேண்டும்.

இவ்வளவும் செய்தபின் யாருடன் போட்டி? இத்தைலத்தில் நூற்றுக்கு 98 பங்குக்கு மேல் மெத்தில் சாலிசிலேட் என்னும் ஒரே பொருள்தான். அதனைத் தொழிற்சாலைகள் பத்தொன்பதாம் நூற்றாண்டின் இறுதியிலிருந்தே செயற்கையாக ஆக்கி வருகின்றன. வலி நீக்கும் களிம்புகளில் பெரும்பாலும் சேர்வது அதுவே. இயற்கைத் தைலத்தை விரும்பி வாங்குவோர்க்கு நேபாளம் போன்ற இடங்களிலிருந்து மலைச்சரிவில் பறித்த இலையின் தைலம் வருகிறது. தொட்டி வைத்திருப்பவர் இவ்விரண்டில் எதனோடும் விலையில் நிற்க இயலாது. மேலும், ஒரு தேக்கரண்டித் தைலம் குழந்தை உயிரைப் போக்கக் கூடியது. வீட்டுத் தொழில் என்று பேசுவோர் இதனைச் சொல்வதில்லை.

செடி வளர்ப்பதே வீண் என்பது என் வாதமன்று. ஐரோப்பாவில் அமெரிக்க விண்டர்கிரீன், சிவந்த கனிகளுடன் சிறு தொட்டிகளில் கிறிஸ்துமஸ் காலத்தில் அழகுக்காக விற்கப்படுகிறது. அங்கே விலைபோவது செடி. நம் மலைப் புதரும் வெள்ளிய சிறு பூக்களுடன் காண அழகியதே. சோலைகளில் புகுந்து ஒடிக்காமல், முறையாகப் பெற்ற விதையிலும் தண்டுத் துண்டிலும் நாற்று எழுப்பி, நாற்றுப் பண்ணைகளுக்கு விற்பதானால் கணக்கு வேறு. அதற்கு வேண்டியது ஒரு பந்தலும் மழைநீர்த் தொட்டியும் மட்டுமே. நாற்றை வாங்குவோரின் எழுத்துறுதியைப் பெற்றுவரும் அங்கத்தினருக்கு, நிலத்தை ஈடு கேளாமல், இருநபர் ஜாமீனில் குறுகிய காலச் சிறு கடனைச் சங்கம் தாராளமாக வழங்கலாம்.