ரோசியைத் துரத்தியவர்கள் யார்?

பி.கே.ரோசியைப் பற்றி எவன் எழுதினாலும் 'தொலைந்துபோன நாயகி' என்கிறான். எனக்குப் பத்திக்கிட்டு வருகிறது. தொலைவதற்கு அவள் என்ன கம்மலா, மூக்குத்தியா?

மலையாளத்தின் முதல் படம் 'விகதகுமாரன்'. ஜே.சி.டேனியல் 1928-இல் எடுக்கத் தொடங்கிய மௌனப்படம். அதில் நாயர் பெண்ணாக நடித்தவள் புலையர் வீட்டுப் பெண் ரோசி. திருவனந்தபுரம் கேப்பிட்டல் தியேட்டரில் முதல் காட்சிக்கு அவளை உள்ளே விடவில்லை. திரையில் அவள் முகம் வந்ததும் கல் பறந்தது. அதில் அவள் ஒரு வார்த்தை பேசவில்லை, ஊமைப்படம். நாயர் பெண்போல உடுத்தி நின்றாள், அவ்வளவுதான் குற்றம். ஊரைவிட்டே ஓடவைத்தார்கள். நாகர்கோவிலில் ராஜம்மாள் என்ற பேரில், நடித்தவள் என்று காட்டிக்கொள்ளாமலே வாழ்ந்து முடித்தாள்.

கேரள அரசு 1992-இல் டேனியல் பெயரில் விருது வைத்தது. வைக்கட்டும், அவரும் நொடிந்துபோனவர்தான். ரோசியின் பெயரை 2019-இல் சினிமாப் பெண்கள்தான் தங்கள் திரைப்படச் சங்கத்துக்கு வைத்தார்கள்.

படச்சுருள் தொலைந்தது, சரி. மனுஷி எப்படித் தொலைவாள்? 'தொலைந்தாள்' என்று எழுதும்போது துரத்தியவன் தப்பித்துக்கொள்கிறான். கல்லெறிந்த கைக்குச் சாதி இருந்தது தோழர்களே. அவள் சாதியை எழுதுகிற பேனா அதையும் எழுதட்டும்.