பாற்கடல் எங்கே?

மயிலாப்பூர் மாடவீதிகளின் பக்கம் புராணப் பிரசங்கத்துக்கு இன்றும் பஞ்சமில்லை. உலகத்தில் ஏழு கடல்கள் உண்டென்றும், அவை உப்பு, கருப்பஞ்சாறு, கள், நெய், தயிர், பால், நன்னீர் ஆகியவற்றால் ஆனவை என்றும், அவற்றுள் பாற்கடலிலே ஆதிசேடன்மீது பகவான் பள்ளிகொண்டிருக்கிறார் என்றும் சொல்லப்படுவதைப் பட்டம் பெற்றவர்களும் கேட்டுத் தலையாட்டுகின்றார்கள். அங்கிருந்து கிழக்கே சிறிது தூரம் நடந்தால் மெய்யான கடல் வந்துவிடும். அள்ளி வாயில் விட்டால் உப்புக் கரிக்கும். மற்ற ஆறு கடல்களும் எங்கே என்று கேட்டாலோ, கேட்டவன் நாஸ்திகன்!

நிற்க. 2019 ஆகஸ்டிலும் 2023 அக்டோபரிலும் பெசன்ட் நகர், திருவான்மியூர் முதலிய கரைகளிலும் அதற்குத் தெற்கேயும் இரவில் அலைகள் நீல நிறமாய் ஒளிவிட்டன. ஜனங்கள் கூட்டங்கூட்டமாய்ப் போய்ப் பார்த்தார்கள். இது எந்தத் தெய்வத்தின் திருவிளையாடல்? ஒன்றுமில்லை. நாக்டிலூகா என்னும் ஒற்றை உயிரணுப் பிராணி கடுகிலும் சிறியது. அது கோடிக்கணக்காய்ப் பெருகியிருக்கும்போது அலை வந்து புரட்டினால், அதன் உடலிலுள்ள ஒரு பொருள் பிராணவாயுவோடு சேர்ந்து ஒளிவிடுகின்றது. மின்மினிப் பூச்சியின் வெளிச்சத்துக்கும் இவ்விதமான இரசாயனமே காரணம்.

கடல் முழுவதும் பால்போல் வெளுத்து இரவெல்லாம் ஒளிவிடுவதும் உண்டு. 1985இல் ஓர் அமெரிக்கக் கப்பல் அரபிக் கடலில் அத்தகைய தண்ணீரை எடுத்துச் சோதித்தபோது, ஒளிவிடும் பாக்டீரியாக்கள் அதிலே இருக்கக் கண்டார்கள். 2019இல் ஜாவாவுக்குத் தெற்கே 100,000 சதுர கிலோமீட்டருக்குக் குறையாத கடற்பரப்பு, அதாவது தமிழ்நாட்டில் ஏறக்குறைய முக்கால் பங்கு, இப்படி வெளுத்திருந்ததைச் செயற்கைக்கோள் காட்டிற்று.

இதைக் கேட்டதும், "பார்த்தீர்களா, பாற்கடலை நம் முன்னோர்கள் அன்றே சொல்லிவிட்டார்கள்!" என்று கிளம்புவோர் உண்டு. அவர்களைக் கேட்கின்றோம்: அப்படியானால் நெய்க்கடல் எங்கே? கள்ளுக்கடல் எங்கே? பாற்கடல் ஒளிவிடுவதற்குக் காரணம் இன்னதென்று எந்தப் புராணத்தில் எழுதியிருக்கின்றது? பிறர் கப்பலேறிப் போய், தண்ணீரை மொண்டு, கண்ணாடி வைத்துப் பார்த்துக் கண்டுபிடித்தபின், அது எங்கள் ஏட்டிலே இருக்கிறது என்பது எவ்வளவு சுலபமான பாண்டித்தியம்!

இது வெறும் வாய்ச்சண்டையல்ல, உயிர்ச் சங்கதி. 2004 டிசம்பர் 26ஆம் தேதி காலை ஆறரை மணி சுமாருக்குச் சுமத்திரா அருகே பூமி அதிர்ந்தது. அலை நம் கரைக்கு வந்து சேர இரண்டு மணி நேரத்துக்கு மேலாயிற்று. அந்த இரண்டு மணி நேரத்தில் பட்டினப்பாக்கம் சீனிவாசபுரத்துக் குப்பத்து மக்களுக்கு, "ஓடுங்கள்" என்று சொல்ல ஒருவருமில்லை. பஞ்சாங்கமும் சொல்லவில்லை; சர்க்காரிடமும் அதற்கான ஏற்பாடு இல்லை. ஆனால் வித்தியாசம் எங்கே இருக்கின்றதென்றால், விஞ்ஞானம் தன் குறையைக் கண்டு 2007இல் ஐதராபாத்தில் சுனாமி முன்னெச்சரிக்கை நிலையம் அமைத்துக்கொண்டது. பஞ்சாங்கக்காரரோ புராணிகரோ தம் ஏட்டில் ஒரு வரியையாவது திருத்தினார்களா? கடலுக்குக் கோபம் என்றும், மனிதர்கள் செய்த பாவம் என்றும் கூறி, செத்தவர்கள் தலையிலேயே பழியைப் போடுவதுதான் மூட நம்பிக்கையின் வேலை.

பாற்கடல் கடைந்த கதையையும் சற்று யோசித்துப் பாருங்கள். தேவரும் அசுரரும் சேர்ந்தே வாசுகிக் கயிற்றை இழுத்தார்கள். அமுதம் வந்ததும் மோகினி வேடத்தால் அசுரரை ஏமாற்றி, தேவருக்கே அதைப் பங்கிட்டார்கள். உழைத்தவனுக்குக் கூலியில்லை என்னும் இந்த நீதியைத்தான் பக்தியென்று போதிக்கின்றார்கள்!

அதே நீதி இன்று நம் கடற்கரையிலும் நடக்கின்றது. நகரத்தின் சாக்கடையை அடையாறும் கூவமும் கடலிலே கொண்டுபோய்த் தள்ளுகின்றன. கழிவுநீரின் சத்து மிகுந்தால் கடலின் நுண்பாசிகள் பெருகும். அவற்றைத் தின்னும் நாக்டிலூகாவும் பெருகும். அது அளவுமீறினால் அதிலுள்ள அம்மோனியா மீனைக் கொல்லக்கூடும். கழிவு ஊராருடையது, நஷ்டம் ஊரூர்க் குப்பத்து வலைக்காரனுடையது. நீல அலையைக் கண்டு கைகூப்பிக் கொண்டிருந்தால் இந்தக் கேள்வி எழவே எழாது. காரணம் தெரிந்தவனே, "சாக்கடையைச் சுத்தம் செய்யாமல் கடலில் ஏன் விடுகிறீர்கள்?" என்று அதிகாரிகளைக் கேட்பான்.

ஆகவே, தோழர்களே! அடுத்த முறை கடல் ஒளிவிடும்போது உங்கள் பிள்ளைகளை அழைத்துப்போய்க் காட்டுங்கள். அழகாயிருக்கின்றது, தாராளமாய் ரசியுங்கள். அது ஏன் ஒளிவிடுகின்றது என்பதையும் சொல்லிக் கொடுங்கள். பாற்கடலில் பள்ளிகொண்டவர் எழுந்து வந்து நம் கடலைக் காப்பார் என்று காத்திருக்க வேண்டாம். நாம்தான் எழுந்திருக்க வேண்டும்.