சிவப்புக் கொடுக்கு இறாலைக் குளத்தில் விடாதீர்!



'ரெட் கிளா' என்று ஒரு நன்னீர்ச் சிங்கி இறால். சொந்த ஊர் ஆஸ்திரேலியாவின் வடக்கும் நியூகினித் தீவின் தெற்கும். ஆணின் கொடுக்கு ஓரத்தில் சிவப்புத் திட்டு, அதனால் அந்தப் பேர். அழகுக்குக் கண்ணாடித் தொட்டியில் வளர்க்கிறார்கள், கறிக்குப் பண்ணையிலும் வளர்க்கிறார்கள்.

வளர்க்கச் சுலபம் என்பது உண்மைதான். நம்ம ஆத்து இறால் குஞ்சுக்கு உப்பு கலந்த தண்ணி வேணும், இதுக்கு வேண்டாம். தாய் நூற்றுக்கணக்கான முட்டைகளை வயித்துக்கடியில் சுமந்து, குளத்திலேயே முழு உருவக் குஞ்சாக இறக்கிவிடும். கண்டதையும் தின்னும். ஈரம் இருந்தால் கரையேறி நடந்தே அடுத்த தண்ணிக்குப் போய்விடும்.

வியாபாரி லாபம் என்று சொல்லும் இந்தக் குணம்தான் ஆபத்து. ஆப்பிரிக்காவில் ஜாம்பியா நாட்டுக்குப் பண்ணை வைக்கக் கொண்டுபோனார்கள். தப்பியது காஃபுவே ஆத்திலும் கரிபா ஏரியிலும் பெருகிவிட்டது. வலையில் மாட்டின மீனை விடியறதுக்குள் கடிச்சுக் குதறுகிறது. பாதி மீனை யார் வாங்குவார்? நஷ்டம் வலை போட்ட ஏழைக்கு! அவ்வளவு பெரிய ஏரியில் பரவினதைத் திரும்ப அள்ளவும் முடியாது.

இந்தியாவிலும் இந்தச் சிங்கி இனம் இயற்கையில் கிடையாது. 2012-ல் ஈமுக் கோழியில் கொங்கு விவசாயி பட்ட பாடு மறக்கவில்லை. "குஞ்சு தர்றோம், நாங்களே வாங்கிக்கிறோம்" என்று எவனாவது வந்தால், அரசு அனுமதியைக் காட்டு என்று கேளுங்கள். தொட்டியில் வளர்க்கும் பிள்ளைகளும் அலுத்துப்போய் வாய்க்காலில் விட வேண்டாம்.

மீன்வளத் துறையே! அலங்கார மீன் கடைகளைச் சோதனை செய்! அனுமதியில்லாத வெளிநாட்டு இனங்களின் விற்பனையைத் தடுத்து நிறுத்து! தப்பிப் பரவினால் இழப்பீட்டை விற்றவனிடமே வசூல் செய்!